யாரும் எதுவும் கேட்காத 50 கிலோமீட்டர்

ஒரு கணக்கு போட்டுப் பாருங்க. நேத்து காலையில எழுந்ததிலிருந்து ராத்திரி படுக்கிற வரைக்கும் உங்ககிட்ட மொத்தம் எத்தனை கேள்வி கேட்டாங்க? "சாப்பிட்டியா"வில் ஆரம்பிச்சு, "ரெக்கார்டு எழுதிட்டியா", "அட்டெண்டன்ஸ் எவ்ளோ இருக்கு", "அந்த அரியர் என்னாச்சு", "எந்தக் கம்பெனி", "எத்தனை லட்சம்" வரைக்கும். நான் ஒரு நாள் நிஜமாவே எண்ணிப் பார்த்தேன். சாயங்காலம் 5 மணிக்குள்ள 41 வந்துச்சு. அதோட எண்ணுறதை நிறுத்திட்டேன், ஏன்னா "என்னடி எண்ணிக்கிட்டே இருக்க?" என்பது 42.

யார் மேலயும் கோபமெல்லாம் இல்லை. அதுல பாதி பாசத்தில் வர்ற கேள்விதான். ஆனா ஒவ்வொண்ணுக்கும் ஒரு பதில் தயார் பண்ணணும், அந்தப் பதிலுக்கு ஏத்த மாதிரி ஒரு முகமும் தயார் பண்ணணும். ஃபைனல் இயர்ல இது ஒரு தனி சப்ஜெக்ட் மாதிரி ஓடிக்கிட்டே இருக்கு. கிரெடிட் மட்டும் கிடையாது.

அதனால மாசத்துல ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அப்பாவோட ஸ்ப்ளெண்டரை எடுத்துக்கிட்டுத் தனியா கிளம்பிடுவேன். "அந்த ரைடைப் பத்தி எழுது, கெத்தா இருக்கும்" என்று இதழ்க் குழுவில் சொன்னார்கள். கெத்து எதிர்பார்த்து வந்தவங்க இங்கேயே இறங்கிக்கலாம். லடாக் இல்லை, ஹெல்மெட்டில் கேமரா இல்லை, பின்னாடி பத்து வண்டி வரிசையா வரலை. 97.2 சிசி எஞ்சின், நாலு கியர், ரெண்டு பக்கமும் டிரம் பிரேக். 2006-ல் அப்பா வாங்கியது. டேங்கில் இன்னமும் ஹீரோ ஹோண்டா என்றுதான் இருக்கிறது. அந்த ரெண்டு கம்பெனியும் பிரியறதா 2010 டிசம்பர்லயே அறிவிச்சாச்சு, எங்க வண்டிக்கு மட்டும் இன்னும் தகவல் வந்து சேரலை.

அப்பா துவாக்குடியில் ஒரு ஃபேப்ரிகேஷன் பட்டறையில் வெல்டர். ஸ்ரீரங்கத்திலிருந்து போக 25, வர 25 கிலோமீட்டர், பதினஞ்சு வருஷத்துக்கு மேல இந்த வண்டியிலதான் போய் வந்தார். இப்போ இடுப்பு வலி, கம்பெனி வேன்ல போறார். பிளஸ் டூ லீவில் எனக்குக் கியர் வண்டி கத்துக் கொடுத்தது அவர்தான். "ஸ்கூட்டி போதாதா பொம்பளப் புள்ளைக்கு?" என்று தெருவில் ரெண்டு பேர் கேட்டார்கள். அப்பா காதில் வாங்கிக்கலை. "முன்னாடி மிதிச்சா ஏறும், குதிகாலால மிதிச்சா இறங்கும். அவ்ளோதான் வண்டி, மிச்சமெல்லாம் ரோடு சொல்லிக் கொடுக்கும்." அவர் எடுத்த ஒரே கிளாஸ் இதுதான்.

இப்போ நான் சொல்லப் போறது இந்தப் பிப்ரவரி முதல் ஞாயிற்றுக்கிழமை போனதைப் பத்தி. வழி ரொம்ப சுலபம். ஸ்ரீரங்கம், திருவானைக்காவல், அங்கிருந்து காவிரிக் கரையோடு கல்லணை, அப்புறம் கோவிலடி, திருக்காட்டுப்பள்ளி, நடுக்காவேரி, திருவையாறு. சுமார் 50 கி.மீ. வேகமாப் போனா ஒன்றரை மணி நேரத்தில் முடிஞ்சிடும். நான் மூணு மணி நேரத்துக்கு மேல எடுத்துக்கிட்டேன்.

கிளம்புறதுக்கு முன்னாடி ஒரு விஷயம், முக்கியமா பசங்களுக்கு. நீங்க "மச்சி, ஒரு ரைடு போட்டு வரேன்" என்று சாவியை எடுத்தால் கிளம்பியாச்சு. நான் கிளம்புறதுக்கு ஒரு ப்ராஜெக்ட் பிளான் வேணும். நல்லா வெளிச்சம் வந்த பிறகுதான் கிளம்பணும், மத்தியானத்துக்குள்ள திரும்பணும். எந்த டீக்கடையில் நின்னா பிரச்னை இல்லைன்னு தெரிஞ்சிருக்கணும். எந்த பெட்ரோல் பங்க்ல பாத்ரூம் பூட்டாம வச்சிருப்பாங்கன்னு தெரிஞ்சிருக்கணும். அம்மாவுக்கு வாட்ஸ்அப்பில் லைவ் லொகேஷன் போட்டு விடணும். போன் பையில் கிடக்கும், நான் ரோட்டில் இருப்பேன், அம்மா அடுப்படியில் இருந்துகொண்டு ஒரு புள்ளியைப் பார்த்துக்கொண்டிருப்பார். நான் அனுபவிக்கிற சுதந்திரத்துக்கு இப்படி ஒரு கயிறு இருக்கு. அதை மறைச்சுட்டு "காற்றில் பறந்தேன்"னு எழுதினா அது பொய். ஆனா கயிறு நீளமானது, போகிற வழியெல்லாம் அது இழுக்காது.

அன்னைக்கும் வாசலில் அம்மா கேட்டார். "தனியாப் போறதுல அப்படி என்னடி இருக்கு?" எனக்குப் பதில் தெரியலை. கிக்கரை உதைச்சேன்.

திருவானைக்காவல் தாண்டி ஊர் முடியற இடத்தில் சட்டென்று குளிர் ஏறும். கவனிச்சிருக்கீங்களா? கட்டிடம் இருக்கிற வரைக்கும் ஒரு மாதிரி, வாழைத்தோட்டம் ஆரம்பிச்சதும் ரெண்டு மூணு டிகிரி குறைஞ்ச மாதிரி இருக்கும். காரில் போனால் இது தெரியவே தெரியாது. பைக்கில் மோட்டார் ஓடுற கிணறு, ஈர மண், சாணம், யாரோ எரிக்கிற சருகு, பூவன் தார் பழுக்குற வாசனை எல்லாம் ஒவ்வொண்ணா வந்து மூக்கில் மோதிட்டுப் போகும். இது ஒரு தீவு. இடப்பக்கம் கொள்ளிடம், வலப்பக்கம் காவிரி. கிழக்கே போகப் போகத் தீவு ஒல்லியாகிக்கிட்டே வரும், கல்லணைக்கிட்ட ரெண்டு ஆறும் கிட்டத்தட்டத் தொட்டுக்கிற தூரத்துக்கு வந்துடும். உத்தமர்சீலி, கிளிக்கூடு என்று ஊர்ப் பெயர்களே அழகு. கிளிக்கூட்டுக்கு ஏன் அந்தப் பெயர்னு யார்கிட்டயும் கேட்டதில்லை. கேட்காம இருக்கிறதே நல்லாயிருக்கு.

நாலாவது கியர், நாப்பத்தஞ்சு ஐம்பதுக்கு நடுவில். இந்த வண்டிக்கு அதுதான் பிடிச்ச வேகம். அதுக்குக் கீழே முனகும், அதுக்கு மேலே கண்ணாடி நடுங்கி பின்னாடி வர்ற பஸ் ரெண்டா தெரியும். இதை நான் அமைதின்னு சொல்றேன். ஆனா கணக்குப் போட்டா சிரிப்பு வரும். எஞ்சின் 4,000 ஆர்.பி.எம்.மில் ஓடுதுன்னு வச்சுக்குவோம். ஃபோர் ஸ்ட்ரோக், ரெண்டு சுற்றுக்கு ஒரு வெடிப்பு. நிமிஷத்துக்கு 2,000, விநாடிக்கு 33. முழங்காலுக்கு நடுவில் விநாடிக்கு 33 வெடி வெடிச்சுக்கிட்டிருக்கு, அதுக்கு மேல உட்கார்ந்துக்கிட்டு ஒருத்தி அமைதி என்கிறாள்.

ஆனா அமைதிதான். ஏன்னு யோசிச்சிருக்கேன். பைக் ஓட்டும்போது நம்ம உடம்பு நம்மகிட்ட கேட்காமலே ஏகப்பட்ட வேலை செய்யுது. ஒரு உதாரணம். ஓரளவு வேகத்தில் போகும்போது இடது பக்கம் திரும்பணும்னா ஹேண்டில்பாரை முதலில் இடது பக்கம் திருப்ப மாட்டோம், இடது கைப்பிடியை லேசா முன்னாடி தள்ளுவோம். அதாவது சக்கரம் ஒரு கணம் வலது பக்கம் திரும்பும், வண்டி இடது பக்கம் சாயும், அப்புறம்தான் வளைவு. கவுன்டர் ஸ்டியரிங் என்பார்கள். பல வருஷம் வண்டி ஓட்டுறவங்ககிட்ட இதைச் சொன்னா நம்ப மாட்டாங்க, ஆனா தினமும் அதைத்தான் செய்றாங்க. இன்னொண்ணு, ஓடுற வண்டி ஏன் விழாம நிக்குதுன்னு கேட்டா நாம எல்லாரும் 'ஜைரோஸ்கோபிக் எஃபெக்ட்' என்று எழுதி ரெண்டு மார்க் வாங்குவோம். 2011-ல் டெல்ஃப்ட், கார்னெல் ஆட்கள் ஒரு சைக்கிள் செஞ்சு, அந்த எஃபெக்ட்டை ரத்து பண்ணியும், ட்ரெயில் என்கிற இன்னொரு காரணத்தை எடுத்துட்டும், அது தானாவே விழாம ஓடுறதைக் காட்டினாங்க. அதாவது ஒரே ஒரு காரணம்னு எதையும் கையைக் காட்ட முடியாது. இவ்ளோ சிக்கலான விஷயத்தை என் கையும் இடுப்பும் பேசாம பார்த்துக்கிட்டிருக்கும்போது, மண்டைக்குள்ள வழக்கமா ஓடுற பட்டிமன்றத்துக்கு இடம் இல்லாமப் போயிடுது. ரோடும் கேள்வி கேட்கும், இல்லைன்னு சொல்லலை. வளைவுல மணல் கிடக்கா, அந்த நாய் குறுக்கே வருமா, எதிர்ல வர்ற மினி பஸ் ஒதுங்குமா. எல்லாமே ரெண்டு செகண்டுல பதில் சொல்லி முடிச்சிடுற கேள்வி. சொன்னதும் மறந்துடலாம். முகம் தயார் பண்ண வேண்டியதில்லை, ஹெல்மெட்டுக்குள்ள முகமே யாருக்கும் தெரியாது. பாடலாம்கூட. நான் பாடுற லட்சணத்துக்கு அது பெரிய வசதி.

கல்லணையில் வண்டியை ஓரம் கட்டினேன். மேட்டூரை வழக்கமா ஜூன் 12 திறந்து ஜனவரி 28 மூடுவாங்க, அதனால பிப்ரவரியில் ஆத்துல பெரிசா தண்ணி இருக்காது. அங்கங்கே குட்டை, நாணல், மணல். டூரிஸ்ட்டுக்கு இது ஏமாற்றம். சிவில் படிக்கிறவங்களுக்கு இதுதான் சீசன், தண்ணி இல்லாதப்போதான் கட்டுமானம் கண்ணுக்குத் தெரியும். மணல் ஆத்துல அஸ்திவாரம் போடுறது எவ்ளோ தலைவலின்னு நம்ம ஃபவுண்டேஷன் பேப்பர்ல படிச்சிருக்கோம். இங்கே பெரிய கற்களை மணலில் இறக்கி, அது தன் எடையிலேயே புதைஞ்சு நிக்கிற வரைக்கும் விட்டு, அதுக்கு மேல களிமண் வச்சு அடுத்த கல்லை அடுக்கினாங்க என்று சொல்வார்கள். மணலோட சண்டை போடலை. கரிகாலன் காலத்து அடிப்படை, மேலே தெரியுற பாலமும் ஷட்டரும் வெள்ளைக்காரன் காலத்தில் வந்தது. திருச்சிக்கு மேற்கே முக்கொம்பில் 1836-ல் கட்டின கொள்ளிடம் மேலணையில் 2018 ஆகஸ்ட்டில் ஒன்பது மதகு அடிச்சுக்கிட்டுப் போனது உங்களுக்கு ஞாபகம் இருக்கும். நான் அப்போ ஸ்கூல் படிச்சுக்கிட்டிருந்தேன். டிவியில் அதைப் பார்த்துட்டுத்தான் "நான் சிவில் எடுக்கப் போறேன்" என்று வீட்டில் சொன்னேன். உடைஞ்சதைப் பார்த்து யாராவது ஒரு படிப்பை எடுப்பாங்களான்னு மாமா கேட்டார். அதுவும் ஒரு கேள்வி.

இங்கே ஒண்ணு சொல்லியாகணும். அன்னைக்கு என் மெயிலில் ஒரு ஆஃபர் லெட்டர் இருந்தது. சாஃப்ட்வேர் கம்பெனி, பெங்களூரு. ஒரு வாரத்துக்குள்ள 'அக்செப்ட்' அழுத்தணும். வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். ஏ.சி. ரூம், மாசச் சம்பளம், வெயில் இல்லை, சைட்டில் ராத்திரி பத்து மணிக்கு கான்கிரீட் போடுறப்போ நிக்க வேண்டாம். நாலு வருஷம் படிச்ச ஸ்டீலும் சிமென்ட்டும் என்ன ஆகும்னு கேட்டால், "அதெல்லாம் டிகிரிக்குத்தானே" என்கிறார்கள். அப்பா மட்டும் எதுவும் சொல்லலை, அதுதான் ரொம்பக் கஷ்டமா இருந்தது.

சினிமாவில் என்றால் இந்த இடத்தில் நாயகி மதகுப் பக்கம் சாய்ந்து நின்று, ஆத்தைப் பார்த்து, ஒரு முடிவுக்கு வருவாள். "ரைடு போனா கிளாரிட்டி கிடைக்கும்"னு நிறைய பேர் எழுதுறாங்க. எனக்கு ஒரு கிளாரிட்டியும் கிடைக்கலை. பாலத்தில் நின்று ஷட்டர் தூக்குற பல்சக்கரத்தில் எத்தனை பல் இருக்குன்னு எண்ணிக்கிட்டிருந்தேன், பாதியில் ஒரு பஜ்ஜிக்கடைக்காரர் அடுப்பைப் பத்த வச்சார், எண்ணிக்கை தவறிடுச்சு. பரவாயில்லைன்னு கிளம்பிட்டேன். நினைச்சுப் பார்த்தா, அந்த மெயில் வந்த நாளிலிருந்து முதல் தடவையா இருபது நிமிஷம் அதைப் பத்தின நினைப்பே வரலை. எனக்கு அது போதும்.

கோவிலடியில் நிக்கலை. அப்பக்குடத்தான் கோயிலில் ராத்திரி பெருமாளுக்கு அப்பம் படைப்பாங்க, காலையில் போனால் நமக்கென்ன. திருக்காட்டுப்பள்ளியில் டீ. கடைக்காரர் கிளாஸை ஆத்திக்கிட்டே, "எந்த ஊரும்மா?" என்றார். சொன்னேன். "கூட வந்தவங்க?" என்று எனக்குப் பின்னாடி ரோட்டைப் பார்த்தார். "யாரும் வரலைண்ணே." "இங்க யாரு வீட்டுக்கு?" "யாரு வீட்டுக்கும் இல்ல, சும்மா வந்தேன்." அவருக்கு அது விளங்கலை. பெஞ்சில் பேப்பர் படிச்சுக்கிட்டிருந்த ஒரு தாத்தா மட்டும் தலையைத் தூக்காமலே, "சும்மா வரக் கூடாதா? ஆம்பளைங்க நாம எல்லாம் வேலை வச்சுக்கிட்டா இங்க ஒக்காந்திருக்கோம்?" என்றார். டீ நல்லாவே இருந்தது.

நடுக்காவேரி பக்கம் போகும்போது வண்டி ரெண்டு தடவை விக்கியது. அதோட பெட்ரோல் முள் வேலை செய்யாமப் போய் ரொம்ப நாளாச்சு, அதுக்கு விக்கல்தான் முள். இடது கையை ஹேண்டிலிலிருந்து எடுத்து, குனியாமல், பார்க்காமல், டேங்குக்குக் கீழே இருக்கிற குழாயை ரிசர்வுக்குத் திருப்பணும். ரெண்டு மூணு செகண்ட் எஞ்சின் செத்த மாதிரி இருக்கும், அப்புறம் பெட்ரோல் இறங்கி உயிர் வரும். இப்போ வர்ற வண்டிகளில் இந்தக் குழாயே கிடையாது. அந்த ரெண்டு மூணு செகண்ட் இருக்கே, வெறும் காத்தும் டயர் சத்தமும் மட்டும், ரெண்டு பக்கமும் அறுத்த வயல். எத்தனை தடவை நடந்தாலும் எனக்கு அது பிடிக்கும்.

சம்பா அறுப்பு நடந்துக்கிட்டிருந்தது. பாதி வயலில் அறுத்த தாளுக்கு நடுவில் ஏற்கெனவே உளுந்து முளைச்சு நின்னது. அறுக்கிறதுக்கு ஒரு வாரம் பத்து நாளுக்கு முன்னாடியே, நெல் நிக்கும்போதே, ஈரத்தில் உளுந்தைத் தெளிச்சு விட்டுடுவாங்க. நெல் போகிறதுக்குள்ள அடுத்தது கிளம்பிடும். ரோட்டில் பாதி அகலத்துக்கு நெல் காயுது, ஓரத்தில் கல் வரிசை. ஒரு ஆயா வெறுங்காலால் நெல்லுக்குள்ள கோடு கோடா நடந்து கிளறி விட்டுக்கிட்டிருந்தாங்க. நான் வேகத்தைக் குறைச்சு ஒதுங்கினதும் கையைக் காட்டி நிறுத்தினாங்க.

"கொள்முதல் நிலையம் வரைக்கும் போவியா தம்பி?"

ஹெல்மெட்டைக் கழட்டினேன். ஒரு நிமிஷம் பார்த்தாங்க. "பொண்ணா! சரி, பொண்ணுன்னா என்ன. ஏத்திக்கிட்டுப் போறியா?"

தனியாப் போறதைப் பத்தி எழுதுறேன்னு சொல்லிட்டு ரெண்டு பேரா போனதையும் எழுதுறேன், மன்னிச்சுக்குங்க. பக்கவாட்டில் உட்கார்ந்து, என் தோளில் ஒரு கை. ரெண்டு கிலோமீட்டர் இருக்கும். நேத்து மெஷின் வச்சுப் பார்த்தப்போ ஈரம் பத்தொம்பது காட்டுச்சாம். 17 சதவீதத்துக்கு மேல இருந்தா நெல்லை எடுக்க மாட்டாங்க. அதனாலதான் ரோட்டில் காயுது, அதனாலதான் ராத்திரி பனியில் மகன் காவல் படுக்கிறான், இன்னைக்கு டோக்கன் வருமான்னு கேட்கத்தான் போறாங்க. இவ்வளவும் அவங்களா சொன்னது. என்னை ஒரு வார்த்தை கேட்கலை. எந்த ஊரு, என்ன படிக்கிற, ஏன் தனியா வந்த, கல்யாணம் ஆச்சா, ஒண்ணுமே இல்லை. அவங்க தலையில் அத்தனை மூட்டை நெல் இருக்கு, என்னை விசாரிக்க எங்கே நேரம். இறங்கும்போது மட்டும் டேங்கைத் தட்டிட்டு, "என் பேத்தி ஸ்கூட்டி ஓட்டுவா. இந்த மாதிரி வண்டியில ஆம்பள பின்னாடிதான் ஒக்காந்திருக்கேன், இன்னைக்குத்தான் இப்படி" என்றார்கள். திரும்பிப் பார்க்காம தார்ப்பாய் போட்ட நெல் குவியலுக்கு நடுவில் போயிட்டாங்க. பத்தொம்பது பதினேழாச்சான்னு எனக்கு இன்னமும் தெரியாது. அடிக்கடி நினைச்சுக்குவேன்.

திருவையாறு பத்திப் பெரிசா எதுவும் இல்லை. காவிரிப் படித்துறையில் கொஞ்ச நேரம் உட்கார்ந்தேன். வீட்டுக்கு அரை கிலோ அசோகா வாங்கினேன். பெட்ரோல் போட்டுக் குழாயைப் பழையபடி திருப்பினேன். படித்துறையில் ரெண்டு பசங்க வண்டியைச் சுத்தி வந்து பார்த்துட்டு "உங்களுதா?" என்றார்கள். எங்கப்பாவுது என்றேன். நம்பர் பிளேட்டைப் போட்டோ எடுத்தார்கள். எதுக்குன்னு தெரியலை. நான் கிளம்பினதும் கண்டியூர் வரைக்கும் பின்னாடியே வந்தாங்க, ஒட்டி வந்து ஹாரன் அடிச்சாங்க. நான் வேகத்தைக் கூட்டலை, முப்பதுக்குக் குறைச்சேன். ஒரு டவுன் பஸ் வந்தது, அது பின்னாடியே ஒட்டிக்கிட்டேன். அலுத்துப்போய்த் திரும்பிட்டாங்க. இதை எழுத வேண்டாம்னுதான் நினைச்சேன். ஆனா "தனியாப் போறதுல அப்படி என்னடி இருக்கு"ன்னு அம்மா கேட்டதில் இதுவும் உள்ளே இருக்கு. இது இருக்குன்னு தெரிஞ்சும் அவர் என்னை அனுப்புறார். எனக்காக நான் எடுக்கிற ரிஸ்க்கில் பாதியை அடுப்படியில் நின்னுக்கிட்டு அவர் எடுக்கிறார்.

திரும்பும்போது தஞ்சாவூர் போய் ஹைவே பிடிச்சேன். நாலு வழிச்சாலையில் ஸ்ப்ளெண்டர் ஒரு கொசு. லாரி போகிற காத்துக்கே வண்டி ரெண்டு அடி நகரும். செங்கிப்பட்டி தாண்டி, டோல்கேட் ஓரத்தில் டூவீலர் சந்தில் நுழைஞ்சு, துவாக்குடி வந்தப்போதான் ஒண்ணு உறைச்சது. இங்கிருந்து வீடு வரைக்கும் இது அப்பாவோட ரோடு. திருவெறும்பூர், அரியமங்கலம், பால்பண்ணை, சத்திரம், காவிரிப் பாலம். நாள் முழுக்க வெல்டிங் பொறியைப் பார்த்த கண்ணோட, இதே சீட்டில், இதே கைப்பிடியில், பதினஞ்சு வருஷம். காலையில் வீட்டில் எங்க கேள்வி. பட்டறையில் சூப்பர்வைசர் கேள்வி. ராத்திரி மறுபடியும் எங்க கேள்வி. "ஃபீஸ் எப்போப்பா கட்டுவீங்க?" என்று நானே எத்தனை தடவை வாசலிலேயே கேட்டிருக்கேன். நடுவில் இந்த 25 கிலோமீட்டர்.

பன்னிரண்டரைக்கு வீட்டுக்கு வந்துட்டேன். அம்மா போனை ஆஃப் பண்ணி வச்சுட்டு சாதம் போட்டார். அந்த மெயிலுக்கு என்ன பதில் போட்டேன்னு நீங்க கேட்க நினைச்சா, தயவுசெஞ்சு கேட்காதீங்க, இவ்ளோ தூரம் எழுதினதே எதுக்குன்னு பாருங்க.

சாயங்காலம் அப்பா ஒரு பழைய துணியோட வண்டிகிட்ட உட்கார்ந்திருந்தார். செயின் கவரில் சிக்கியிருந்த வைக்கோலை ஒவ்வொண்ணா இழுத்து எடுத்துக்கிட்டு, "திருக்காட்டுப்பள்ளிப் பக்கம் அறுப்பு ஆரம்பிச்சுட்டாங்க போல" என்றார். ஆமாம்ப்பா என்றேன். கொஞ்ச நேரம் ரெண்டு பேரும் வைக்கோல் எடுத்தோம்.

"அப்பா, வேலை விட்டு வரும்போது நேரா வீட்டுக்கு வந்துடுவீங்களா?"

துணியை மடிச்சார். "பாலத்துல ஒரு அஞ்சு நிமிஷம் நிப்பேன். சில நாள் பத்து நிமிஷம்."

"எதுக்கு?"

"சும்மாதான்."

அதுக்கு மேல நானும் கேட்கலை.